காம்பைப் பிடியுங்கள்: ஹெல்லபார்டேயோடு இரண்டாம் தடவையில் தேறிய அனுபவம்

போன வியாழக்கிழமை பெறுபேறு வந்தது. 5.5. ஆறு மாதத்துக்கு முன் ஜேர்மன் மொழி வரலாற்றுக்கான இதே வாய்மொழிப் பரீட்சையில் எனக்குக் கிடைத்தது 3.5. (இங்கே சுவிஸில் 6 உச்சம், தேற 4 வேண்டும்.) இரண்டு தடவையும் நான் எடுத்துக்கொண்ட சொல் ஒன்றுதான்: ஹெல்லபார்டே, நீளக் கம்புள்ள பழைய போர்க்கோடாலி ஒன்றின் ஜேர்மன் பெயர். சொல்லையும் மாற்றவில்லை, பொருளையும் மாற்றவில்லை. ஒரே ஒரு இடத்தைத் திருத்தினேன். அந்த இடத்தைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். எப்படிப் படித்தாய் என்று கேட்ட தம்பி தங்கைகளுக்குத் தனித்தனியாகப் பதில் எழுதி முடியவில்லை.

எழுத்துப் பரீட்சையைப் பற்றி எதுவும் சொல்லப் போவதில்லை. மிட்டல்ஹோக்டொய்ச், அதாவது இடைக்கால ஜேர்மன், மொழிபெயர்ப்பு எப்படி இருக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். அகராதி கையில் இருக்கும், நேரம்தான் இருக்காது. நான் பார்த்தவரை நம் பிள்ளைகள் அதில் தேறிவிடுகிறார்கள். விழுவது வாய்மொழியில், 'ஒரு சொல், ஒரு பொருள்' என்ற அந்த இருபது நிமிடத்தில். ஒரு சொல்லை எடுத்து, அதன் வரலாற்றையும் அது குறிக்கும் பொருளின் வரலாற்றையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

முதலில் பொருள். தெரியாதவர்களுக்காக ஒரு பந்தி. ஆள் உயரமோ அதற்கும் மேலோ உள்ள மரக்கம்பு, பெரும்பாலும் ஆஷ் மரம். அதன் தலையில் கோடாலி அலகு, உச்சியில் ஈட்டி முனை, பின்பக்கம் ஒரு கொக்கி. வெட்டலாம், குத்தலாம், குதிரையில் இருப்பவனைக் கொளுவி இழுத்துக் கீழே தள்ளலாம். குதிரையும் முழுக் கவசமும் வாங்க வசதியில்லாத மலைநாட்டு விவசாயி ஒரு பிரபுவை எதிர்த்து நிற்க முடிந்தது இதனால்தான். இன்று இதை உயிரோடு பார்க்க வேண்டுமானால் வத்திக்கானுக்குப் போக வேண்டும். 1506 ஜனவரி 22இல் தொடங்கிய பாப்பரசரின் சுவிஸ் காவற்படையில் சாதாரணச் சிப்பாயின் பதவிப் பெயரே ஹெல்லபார்டியர்.

நான் ஏன் இதை எடுத்தேன்? சின்ன வயதில் பள்ளிக்கூடச் சுற்றுலாவாக மோர்கார்ட்டனுக்குக் கூட்டிப் போனார்கள். ஏகெரி ஏரிக்கரை, மேலே சரிவு, இடையில் ஒடுங்கின பாதை. ஆசிரியை கையை நீட்டி, இந்த வழியாகத்தான் குதிரைகள் வந்தன என்றார். 1315 நவம்பர் 15, ஷ்வீட்ஸ் பகுதி மலைநாட்டார் ஹாப்ஸ்பேர்க் பிரபுக்களின் குதிரைப்படையைத் தோற்கடித்த போர். வகுப்பில் மற்றவர்களுக்கு அது அவர்களுடைய முன்னோரின் கதை. எனக்கு அப்படி இல்லை. ஆனாலும் அந்த இடம் மனதில் நின்றுவிட்டது. வீட்டில் இதைச் சொன்னபோது அப்பா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "ஆயுதத்தைப் பற்றியா படிக்கப் போகிறாய்?" என்று மட்டும் கேட்டார். அவர் ஊரை விட்டு வந்த காரணம் எனக்குத் தெரியும், அதனால் அந்தக் கேள்வியின் பாரமும் தெரியும். "ஆயுதத்தின் பெயரைப் பற்றி அப்பா" என்றேன். அது முழு உண்மை என்பது இரண்டாம் தடவை படித்தபோதுதான் எனக்கே விளங்கியது.

இனி முதல் தடவை நடந்தது.

பழைய வடிவம் ஹெல்ம்பார்ட்டே. பார்ட்டே என்றால் அகன்ற கோடாலி, அதில் சண்டை இல்லை. சண்டை முதற் பாதியில். ஹெல்ம் என்றால் இன்றைய ஜேர்மனில் தலைக்கவசம். ஆகவே 'தலைக்கவசம் பிளக்கும் கோடாலி'. கேட்க எவ்வளவு பொருத்தமாக இருக்கிறது! நான் அதை அப்படியே பிடித்துக்கொண்டேன். ஆதாரமாக நான்சிப் போரை வைத்தேன்: 1477 ஜனவரி 5, பேர்கண்டியின் கோமகன் துணிச்சல்காரச் சார்ல்ஸ் விழுந்தான், தலை பிளந்திருந்த உடல் சில நாள் கழித்துத்தான் கிடைத்தது, ஹெல்லபார்டே வெட்டுத்தான் காரணம் என்று இன்றும் சொல்கிறார்கள். இதை உணர்ச்சியோடு ஐந்து நிமிடம் சொன்னேன்.

பரீட்சகர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "இந்தச் சொல் எப்போதிருந்து எழுத்தில் கிடைக்கிறது?"

எனக்குத் தெரியவில்லை. கொன்ராட் ஃபொன் வூர்ட்ஸ்புர்க் என்ற கவிஞர் 1287இல் பாசல் நகரில் இறந்தார். அவர் முடிக்காமல் விட்ட ட்ரோய் யுத்தக் காவியத்திலேயே இந்தச் சொல் வந்துவிடுகிறது. நான்சிக்கு ஏறத்தாழ இருநூறு வருடத்துக்கு முன்னால்! பிறந்து இருநூறு வருடம் கழித்து நடந்ததை வைத்து ஒரு சொல்லுக்கு நான் பெயர்க்காரணம் சொல்லியிருக்கிறேன். அடுத்து, "ஹெல்ம் என்பதற்கு அந்தக் காலத்தில் வேறு பொருள் உண்டா?" என்று கேட்டார். இல்லை என்றேன். அந்த 'இல்லை'யில்தான் விழுந்தேன். யோசிக்காமல் சொன்ன ஒரு சொல்.

உண்டு. ஹெல்ம், ஹல்ம், ஹல்மே எல்லாம் கோடாலியின் காம்பு. லெக்ஸரின் மிட்டல்ஹோக்டொய்ச் அகராதியில் கண்முன்னே இருக்கிறது. எழுத்துப் பரீட்சைக்காக அந்த அகராதியை நூறு தடவை புரட்டியிருக்கிறேன். எனக்குத் தெரிந்த சொல் என்று நினைத்த ஒன்றை மட்டும் புரட்டிப் பார்க்கவில்லை.

இதைத்தான் எல்லோருக்கும் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்: தெரிந்த சொல்லைத்தான் முதலில் அகராதியில் பாருங்கள். தெரியாத சொல்லை எப்படியும் பார்ப்பீர்கள். இன்றைய ஜேர்மனில் அதே உருவத்தில் இருக்கும் சொல்தான் ஆபத்து.

அந்த மாதம் மிகவும் கஷ்டப்பட்டேன். கோபமும் இருந்தது. இருபது நிமிடத்தில் பதினைந்து நிமிடம் சரியாகச் சொன்ன ஒருவருக்கு 3.5 நியாயமா என்று இன்றும் எனக்குக் கேள்வி உண்டு. மீள்பரிசீலனைக்கு விண்ணப்பித்து வாரக்கணக்கில் காத்திருந்ததும் வீண். அதில் நேரம் விடாதீர்கள்.

என்னைத் திருப்பியது அம்மம்மா. குசினியில் நான் முணுமுணுத்துப் பாடம் செய்வதைக் கேட்டுக்கொண்டிருந்தவர், "என்ன பிள்ளை அது, காம்பு காம்பு என்று சொல்கிறாய்?" என்றார். விளக்கினேன். "கோடாலிக்காம்பு குலத்துக்கு ஈனம் என்று சொல்வார்கள், தெரியாதா? காடு முழுக்கச் சாய்வது இரும்பால் இல்லை, காம்பால்" என்றார். அன்றைக்கு எனக்குப் பிடிபட்டது. எல்லாக் கோடாலிக்கும் காம்பு உண்டே, பிறகு ஏன் இதற்கு மட்டும் காம்பைச் சொல்லிப் பெயர் வைக்க வேண்டும் என்ற கேள்விதான் என்னைக் காம்புப் பக்கம் போகவிடாமல் தடுத்துக்கொண்டிருந்தது. ஒரு கையில் பிடிக்கும் குட்டிக் காம்பு இரண்டு கையாலும் பிடிக்கும் ஆள் உயரக் கம்பாக நீண்டதுதான் அங்கே புதுமை. புதிதாக வந்ததைச் சொல்லித்தானே பெயர் வைப்பார்கள்?

அந்தச் சனிக்கிழமையே சொலத்தூர்ன் நகரத்துப் பழைய ஆயுதசாலை அருங்காட்சியகத்துக்குப் போனேன். நான் பார்த்துப் படிக்கிற ஆள். புத்தகத்தில் பத்துத் தடவை வாசித்தாலும் நிற்காதது, பொருளின் முன்னால் ஒரு தடவை நின்றால் நின்றுவிடும். உங்களுக்கு அப்படி இல்லாவிட்டால் இதை விட்டுவிடலாம், ஆனால் ஒரு தடவையாவது போய்ப் பாருங்கள் என்றுதான் சொல்வேன். பழைய ஹெல்லபார்டேகளில் அலகின் பின்னால் இரண்டு இரும்பு வளையம் இருக்கும், கம்பு அவற்றுக்குள்ளால் போகும். பிந்திய காலத்தவற்றில் வளையத்துக்குப் பதிலாகக் குழல். அதிலிருந்து கம்பின் இரு பக்கமும் நீளமாக இரும்புப் பட்டிகள் இறங்கி, ஆணியால் அறையப்பட்டிருக்கும். எதிரி வாளால் கம்பைத் துண்டாக்காமல் இருப்பதற்கு. கம்பு போனால் ஆயுதம் போயிற்று. அந்தப் பட்டிகளைப் பார்த்தபடி ஒரு மணித்தியாலம் நின்றிருப்பேன். செய்தவன் பயந்தது காம்புக்காக.

இதைத்தான் 'சொற்களும் பொருள்களும்' என்ற முறை சொல்கிறது. ஒஸ்திரியாவின் கிராட்ஸ் நகரில் மொழியியலாளர்கள் மெரிங்கரும் ஷுகார்ட்டும் வளர்த்த முறை, அதே பெயரில் 1909இல் மெரிங்கர் வேறு சிலரோடு சேர்ந்து ஒரு ஆய்விதழும் தொடங்கினார். சொல்லின் வரலாற்றைப் பொருளின் வரலாற்றிலிருந்து பிரித்துப் படிக்காதே என்பதுதான் சாரம். பரீட்சையின் பெயரே அங்கிருந்து வந்தது. முதல் தடவை இதைப் பாட்டுப்போல ஒப்பித்தேன், ஆனால் செய்யவில்லை.

காம்புப் பக்கத்துக்கு நான் வைத்த காரணங்கள்:

- பழைய எழுத்துகளில் ஹல்ம்பார்ட்டே, ஹல்லன்பார்ட்டே என்று அகரத்தோடும் வருகிறது. காம்பைக் குறிக்கும் சொல் அகரத்தோடும் எகரத்தோடும் வரும். தலைக்கவசச் சொல் எகரத்தோடு நிற்பது. எனக்குப் புள்ளி வாங்கித் தந்தது இதுதான் என்று நம்புகிறேன்.
- ஆங்கிலத்தில் கோடாலிக் காம்புக்கு ஹெல்வ் என்கிறார்கள். அதே குடும்பம்.
- பொருள்: வளையம், குழல், பட்டி. மேலே சொன்னேன்.

ஆனால் தலைக்கவசத்தைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள். அது இன்னும் அகராதிகளில் இருக்கிறது, அதற்கும் ஒரு நியாயம் உண்டு. அந்தக் காலத்து மக்கள் காதிலேயே 'ஹெல்ம்' என்றால் தலைக்கவசம் என்று பட்டிருக்கும். இரண்டையும் சொல்லி, எடை போட்டு, உங்கள் முடிவைச் சொல்லுங்கள். முதல் தடவை ஒன்றை மட்டும் அடித்துச் சொன்னேன். இரண்டாம் தடவையும் காம்பை மட்டும் அடித்துச் சொல்லியிருந்தால் திரும்பவும் விழுந்திருப்பேன்.

மனப்பாடம் செய்ய வேண்டிய வருடங்கள். அதிகம் இல்லை:

- 1287க்கு முன்: கொன்ராட்டின் காவியம்.
- 1315: மோர்கார்ட்டன்.
- 1340கள்: வின்டர்தூர் யோஹான்னஸின் இலத்தீன் வரலாறு. இதைப் பற்றிக் கீழே.
- 1386 ஜூலை 9: செம்பாக் போர், ஹாப்ஸ்பேர்க்கின் மூன்றாம் லியோப்போல்ட் இறந்த இடம்.
- 1422: ஆர்பேடோ. மிலான் படையிடம் அடி வாங்கிய பிறகு சுவிஸ்காரர் நீள ஈட்டிகளைக் கூட்டினார்கள். ஹெல்லபார்டே முன்வரிசையிலிருந்து நடுவுக்குப் போனது. கட்டாயம் கேட்பார்கள்.
- 1477: நான்சி. சொல்லுங்கள், ஆனால் பெயர்க்காரணத்துக்கு அல்ல!

யோஹான்னஸ் பிரான்சிஸ்கத் துறவி. மோர்கார்ட்டனில் ஷ்வீட்ஸ் ஆட்கள் கையில் பயங்கரமான கொலைக்கருவிகள் வைத்திருந்தார்கள், அவர்கள் பேச்சில் அதற்கு ஹெல்ன்பார்ட் என்று பெயர், நன்றாகக் கவசம் பூண்டவர்களைச் சவரக்கத்தியால் அறுப்பதுபோல் அறுத்துத் துண்டாக்கினார்கள் என்று எழுதுகிறார். இலத்தீனில் எழுதிக்கொண்டு போகிறவர் இந்த இடத்தில் நின்று ஊர்ச்சொல்லைத் தருகிறார். இந்தக் கருவிக்கு இலத்தீனில் பழகிய பெயர் இல்லை. சொல்லும் பொருளும் சேர்ந்தே மலையிலிருந்து இறங்கி வந்ததை இதைவிட அழகாகக் காட்ட முடியாது.

அதே இடத்தில் இன்னொன்றும் எழுதுகிறார். போர் முடிந்த அன்று அவர் பள்ளிக்கூடப் பையன். தோற்ற பக்கத்தில் போயிருந்த தகப்பன் உயிரோடு திரும்பி வருகிறார் என்று மற்றப் பையன்களோடு நகரவாசலுக்கு ஓடியிருக்கிறார். தோற்ற படையின் தலைவன், கோமகன் முதலாம் லியோப்போல்ட், துக்கத்தால் பாதி செத்தவன்போல் வந்ததைத் தன் கண்ணால் கண்டதாகச் சொல்கிறார். இந்தப் பகுதியை அப்பாவுக்குத் தமிழில் வாசித்துக் காட்டினேன். இரண்டாவது தடவை வாசிக்கச் சொன்னார். அதற்குப் பிறகு ஆயுதத்தைப் பற்றி என்னிடம் கேட்கவில்லை.

படித்த விதம். இது என் இயல்புக்கு ஏற்றது, உங்களுக்கு வேறாக இருக்கலாம்:

- கூட்டாகப் படிக்கவில்லை. ஐந்து பேர் சேர்ந்தால் எல்லோரும் ஒரே பிழையைப் படிக்கிறோம்.
- ஒவ்வொரு நாளும் நடந்துகொண்டே, ஜேர்மனில், சத்தமாக இருபது நிமிடம். ஒலிப்பதிவு செய்து திரும்பக் கேட்டேன்.
- பேச்சை ஒருமுறை முழுக்கத் தமிழில் சொல்லிப் பார்த்தேன். தமிழில் சொல்ல முடியாத இடம் எதுவோ அது எனக்கு விளங்காத இடம். அப்படி நாலு இடம் அகப்பட்டது.
- இரவில் படிக்கவில்லை. எனக்கு இரவில் எதுவும் ஏறாது.

அப்புறம் ஒரு சின்ன விஷயம். சொல் வேறு மொழிகளுக்குப் போன கதையையும் வைத்திருங்கள். பிரெஞ்சில் ஹால்பார்ட், இத்தாலியனிலும் ஸ்பானியத்திலும் அலபார்தா. அடைமழை பெய்தால் பிரெஞ்சுக்காரர் ஹால்பார்ட் பொழிகிறது என்பார்கள். சுவிஸ் அருங்காட்சியகப் பெயர்ப்பலகைகளில் ஹெல்லபார்டே என்று இல்லாமல் ஹால்பார்ட்டே என்று கண்டால் குழம்ப வேண்டாம். பழைய அகரம் இங்கே தங்கிவிட்டது, அவ்வளவுதான்.

இரண்டாம் தடவை அதே பரீட்சகர். அதே கேள்வியைக் கேட்டார், எப்போதிருந்து எழுத்தில் கிடைக்கிறது என்று. பதில் சொல்லும்போது குரல் கொஞ்சம் நடுங்கியது, ஆனால் வருடம் சரியாக வந்தது. முடிவில், உங்கள் தாய்மொழியில் இதற்குப் பெயர் உண்டா என்று கேட்டார். இல்லை, வைப்பதென்றால் காம்புக்கோடாலி என்று வைப்பேன் என்றேன். திரும்பச் சொல்லச் சொல்லி, ஒலியைக் குறித்துக்கொண்டார்.

ஆவணியில் பரீட்சை இருப்பவர்களுக்குக் கடைசியாக ஒன்று. பார்ட்டேயை விட்டுவிடாதீர்கள். எனக்கு 6 கிடைக்காமல் போனது அங்கேதான். பார்ட்டே என்ற கோடாலிக்கும் பார்ட் என்ற தாடிக்கும் என்ன உறவு என்று கேட்டார். உறவு உண்டு என்று மட்டும் சொல்லி அவசரமாக அடுத்ததுக்குப் போய்விட்டேன். அலகு கம்பிலிருந்து தாடிபோல் கீழே தொங்குவதால் வந்த பெயர் என்று சொல்லி, பழைய நோர்ஸ் மொழியிலும் தாடிக்குச் ஸ்கெக், தாடிக்கோடாலிக்கு ஸ்கெக்யா என்று இதே வழியில் பெயர் இருப்பதைச் சேர்த்திருக்க வேண்டும். என் குறிப்பில் எழுதியே வைத்திருந்தேன். மூன்றாம் பக்கத்தில், அடியில்.