சாரநாத்: முதல் அறவுரையின் வழியே ஒரு நாள்

காசிக்குப் போகிறவர்களில் பெரும்பாலோர் சாரநாத்துக்கு ஒதுக்குவது இரண்டு மணி நேரம். தமேக் தூபியின் முன் நின்று படம் எடுத்துக்கொண்டு, சாப்பாட்டுக்கு ஊர் திரும்பிவிடுகிறார்கள். ஞானம் பெற்ற புத்தர் முதல் அறவுரை நிகழ்த்திய இடம் இது. ஒரு முழு நாளாவது வேண்டும். அந்த நாள் வெள்ளிக்கிழமையாக இருக்கக் கூடாது. அன்று அருங்காட்சியகம் விடுமுறை.

வாரணாசி சந்திப்பிலிருந்து சுமார் 10 கி.மீ. அகழாய்வு வளாகத்துக்குச் சற்று முன்பே சௌகண்டி தூபி வரும். ஆட்டோக்காரர் நிறுத்தாமல் போகப் பார்ப்பார். முதலில் இறங்க வேண்டியது இங்கேதான். மேலே தெரியும் எண்கோணக் கோபுரம் ஹுமாயூன் இங்கு வந்ததன் நினைவாக, அக்பரின் அமைச்சர் தோடர்மாலின் மகன் கோவர்தன் 1588இல் கட்டியது. கீழே இருக்கும் செங்கல் மேடுதான் தூபி. கொண்டஞ்ஞர், வப்பர், பத்தியர், மகாநாமர், அஸ்ஸஜி ஆகிய ஐவரும் புத்தரை எதிர்கொண்ட இடம் இது என்பது மரபு. கடுந்தவத்தைக் கைவிட்டு உணவு கொண்டவர் என்று அவரைப் பிரிந்து வந்தவர்கள் அவர்கள். தூரத்தில் அவர் வருவதைக் கண்டதும், எழுந்து நிற்பதில்லை, வணங்குவதில்லை என்று தங்களுக்குள் பேசி முடிவு செய்தார்கள். ஆனால் அவர் நெருங்கி வந்ததும் ஒருவர் பாத்திரத்தையும் சீவரத்தையும் (துறவாடையையும்) வாங்கிக்கொண்டார், ஒருவர் ஆசனம் இட்டார், ஒருவர் கால் கழுவத் தண்ணீர் வைத்தார். அந்த மேட்டின் முன் கொஞ்சம் நின்று இதை நினைத்துவிட்டு உள்ளே போங்கள்.

வளாகத்தில் கூட்டம் நேரே தமேக்கை நோக்கித்தான் போகும். அதற்கு முன் தர்மராஜிக தூபியின் வட்ட அடித்தளத்தை வலம் வாருங்கள். அசோகர் காலத்தில் எழுந்த தூபி இது. 1794இல் காசியைச் சேர்ந்த ஜகத் சிங்கின் ஆட்கள் செங்கல்லுக்காக இதைப் பிரித்தபோது, கல்பெட்டிக்குள் ஒரு பச்சைப் பளிங்குப் பேழையும் அதில் எலும்புத் துண்டுகளும் கிடைத்தன. தாதுக்கள் எனப்படும் அந்தப் புனித எச்சங்கள் கங்கையில் விடப்பட்டன. மண்ணோடு மண்ணாகக் கிடக்கிறது என்று இதைத் தாண்டிப் போக மனம் வரக் கூடாது. அருகிலேயே, புத்தர் தங்கியதாகச் சொல்லப்படும் பழைய மூலகந்தகுடியின் இடிபாடும் அசோகத் தூணின் அடிப்பகுதியும் இருக்கின்றன. சங்கத்தை, அதாவது துறவியர் கூட்டத்தை, பிளக்கும் பிக்குவோ பிக்குணியோ வெள்ளாடை உடுத்தி வேறிடத்தில் வசிக்க வேண்டும் என்கிறது தூணின் சாசனம்.

தமேக் தூபியின் விட்டம் சுமார் 28 மீட்டர். உள்ளே கருவறை இருக்கும் என்று வாசல் தேடுகிறவர்கள் உண்டு. அப்படி எதுவும் இல்லை. முழுக்கக் கல்லும் செங்கல்லும் நிறைந்த திண்மையான கட்டடம். 1835இல் ஆங்கிலேயத் தொல்லியலாளர் கன்னிங்ஹாம் உச்சியிலிருந்து துளையிட்டுப் பார்த்தபோது தாது கிடைக்கவில்லை. எழுத்துப் பொறித்த கல் ஒன்று கிடைத்தது. காரணத்தால் தோன்றுபவற்றின் காரணத்தையும் அவற்றின் ஒழிவையும் ததாகதர் (புத்தர்) உரைத்தார் என்ற வாசகம் அது. ஐவரில் ஒருவரான அஸ்ஸஜி பின்னாளில், புத்தரின் தலைமைச் சீடரான சாரிபுத்தருக்குச் சொன்னதும் இதே வாசகம்தான்.

வலப்பக்கம் தூபி இருக்கும்படி மும்முறை சுற்றுங்கள். கல்லில் தங்க இலை ஒட்டுவதும் மெழுகுவர்த்தி ஏற்றுவதும் வேண்டாம். குப்தர் காலத்துத் தாமரைக் கொடி வேலைப்பாட்டில் மெழுகு புகுந்தால் எடுக்க முடியாது. பிறகு புல்வெளியில் அமர்ந்து முதல் அறவுரையான தம்மசக்கப்பவத்தன சுத்தத்தைப் (சூத்திரத்தைப்) பாராயணம் செய்யலாம். பாளி தெரியாதவர்கள் பொருளை வரிசையாக மனத்தில் ஓட்டினாலே போதும். இன்ப நுகர்ச்சி, உடலை வதைத்தல் ஆகிய இரண்டையும் விலக்கிய நடுவழி முதலில். அந்த வழியே எட்டு உறுப்புகள் கொண்ட மார்க்கம். அடுத்து, மணிமேகலை சொல்லும் நால்வகை வாய்மை. பலர் தடுமாறுவது இங்கேதான். நான்கையும் நம்ப வேண்டிய கொள்கைகளாக எண்ணிக்கொள்கிறோம். புத்தரோ ஒவ்வொன்றுக்கும் ஒரு வேலை கொடுத்திருக்கிறார்: துக்கத்தை முழுதாக அறிய வேண்டும், வேட்கையை விட வேண்டும், அதன் ஒழிவை நேரில் காண வேண்டும், மார்க்கத்தைப் பயில வேண்டும். வேலை மாறினால் பலன் இல்லை. துக்கத்தை அறியாமலே விரட்டப் பார்த்தால், விரட்டும் அந்த ஆசையே இன்னொரு வேட்கையாகிவிடும். இது வாய்மை, இதில் செய்ய வேண்டியது இது, அது செய்து முடிந்தது என நான்கிலும் மும்மூன்று நிலைகள், ஆகப் பன்னிரண்டு.

அன்று புரிந்துகொண்டவர் கொண்டஞ்ஞர் ஒருவரே. மற்றவர்களுக்குப் புத்தர் பின்னர் தொடர்ந்து போதித்தார். சிலர் உபதேசம் கேட்க, மூவர் பிச்சைக்குப் போனார்கள். அவர்கள் கொண்டுவந்ததை ஆறு பேரும் உண்டார்கள். முதல் சங்கம் இப்படித்தான் வாழ்ந்தது.

அருங்காட்சியகத்தில், அசோகத் தூணின் உச்சியில் இருந்த சிங்கத் தலைப்பைப் பார்க்கத்தான் நெரிசல் இருக்கும். அறவுரை நிகழ்த்தும் கை அமைப்பான அறச்சக்கர முத்திரையில் அமர்ந்த ஐந்தாம் நூற்றாண்டுப் புத்தர் சிலையிடம் நேரம் செலவிடுங்கள். பீடத்தில் நடுவே சக்கரம் பக்கவாட்டில் தெரிய, இருபுறமும் வணங்கும் உருவங்கள் உள்ளன. எண்ணினால் ஏழு வரும். ஐவர் சீடர்கள், மற்ற இருவர் ஒரு பெண்ணும் குழந்தையும், சிலையைக் கொடுத்தவராக இருக்கலாம் என்கிறார்கள்.

மாலையை, இலங்கைப் பௌத்தர் அநகாரிக தர்மபால 1931இல் நிறுவிய மூலகந்தகுடி விகாரையில் கழியுங்கள். சுவர் ஓவியங்கள் ஜப்பானியக் கலைஞர் கோசெத்சு நோசு வரைந்தவை. அங்குள்ள தாதுக்களைத் தரிசிக்க கார்த்திக் பூர்ணிமா உகந்த நாள். வடநாட்டுக் கணக்கு சந்திர மாதம். நம்முடையது சூரிய மாதம். நம் திருக்கார்த்திகை நாளை வைத்துச் சீட்டு எடுத்தால் பல ஆண்டுகளில் ஒரு மாதம் பிந்திப்போவீர்கள். அதே பௌர்ணமிதான் காசியில் தேவ தீபாவளி என்பதால் அறை கிடைப்பதும் கடினம். சாரநாத்திலேயே தங்க முன்கூட்டி ஏற்பாடு செய்துகொள்ளுங்கள்.