மாரியோ ஓடுகிறார், ஓட்டுவது நீங்கள் இல்லை

டிவியில் சொருகும் ஸ்ட்ரீமிங் ஸ்டிக்கில் பழைய கேம் போடும் படலம் எல்லா வீட்டிலும் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் நடக்கும். "அரை மணி நேர வேலை" என்று ஒருவர் வாக்குக் கொடுப்பார். சோபாவில் இரண்டு பிள்ளைகள் கன்ட்ரோலரைப் பிடித்தபடி தயாராக இருப்பார்கள். ஒன்றரை மணி நேரம் கழித்துப் பார்த்தால் டிவியில் மெனு மட்டும் ஓடிக்கொண்டிருக்கும், பிள்ளைகள் போனில் வேறு ஏதோ விளையாடப் போயிருப்பார்கள், வாக்குக் கொடுத்தவர் டிவிக்குப் பின்னால் தலையை விட்டு எதையோ தேடிக்கொண்டிருப்பார்.

பாவம், எமுலேட்டர்மேல் (பழைய கேம் இயந்திரம் போல நடிக்கும் ஆப்) குற்றமில்லை. 1985-ல் வந்த சூப்பர் மாரியோ பிரதர்ஸ் மொத்தமே 40 கேபி. பட்டியலில் அழகுக்காக ரெட்ரோஆர்ச் என்ற எமுலேட்டர் ஆப் காட்டும் அட்டைப்படம் அதைவிடப் பெரிய கோப்பு. அந்தக் கேமை ஓட்ட எந்த மலிவு ஸ்டிக்கும் போதும். சிக்கல் ஸ்டிக்கின் சுபாவத்தில் இருக்கிறது. அது படம் காட்டுவதற்காகவே பிறந்தது. கொஞ்சம் கரண்ட் குடிக்கும், ரிமோட் சொன்னால் கேட்கும், ஹோம் பட்டனை அழுத்தினால் அதுவரை நடந்ததை மறந்துவிடும். படம் பார்ப்பவருக்கு இதெல்லாம் சௌகரியம். கேம் ஆடுபவருக்கு ஒவ்வொன்றும் ஒரு பஞ்சாயத்து.

இன்ஸ்டால் செய்வதிலேயே முதல் பஞ்சாயத்து. கூகுள் டிவி என்றால் பிளே ஸ்டோரில் ரெட்ரோஆர்ச் என்று தேடினால் வந்துவிடும். ஃபயர் டிவியில் டவுன்லோடர் ஆப்பைப் போட்டு, ரெட்ரோஆர்ச் தளத்திலிருந்து ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு ஆப்பின் நிறுவல் கோப்பு) இறக்குவதுதான் வழக்கம். அதற்கு முன் டெவலப்பர் ஆப்ஷன்ஸைத் திறக்க வேண்டும்: ஃபயர் டிவியில் 'அபவுட்' பக்கத்தில் சாதனத்தின் பெயர்மேல் ஏழு முறை, கூகுள் டிவியிலும் ஏபிகே வழியாகவே போடுவதானால் பில்ட் எண்மேல் ஏழு முறை ஓகே அழுத்த வேண்டும். உடனே நீங்கள் டெவலப்பர் ஆகிவிட்டதாக ஒரு செய்தி வரும். இவ்வளவு சுலபமாக வேறு எங்கும் அந்தப் பட்டம் கிடைக்காது. பிறகு டவுன்லோடருக்கு, வெளி ஆப்களை நிறுவும் அனுமதியைக் கொடுங்கள்.

தளத்தில் 64 பிட், 32 பிட் என்று தனித்தனிக் கோப்புகள் இருக்கும். பெரியதுதான் நல்லது என்று 64-ஐ இறக்குவோம். 'ஆப் நிறுவப்படவில்லை' என்று ஒற்றை வரியில் மறுத்துவிடும், காரணம் சொல்லாது. காரணம் இதுதான்: பல ஸ்டிக்குகளில் சிப் 64 பிட்டாக இருந்தாலும் மேலே ஓடும் ஆண்ட்ராய்டு 32 பிட். 2020-ல் வந்த 4கே குரோம்காஸ்ட் வித் கூகுள் டிவியும் அப்படித்தான். 32 பிட் கோப்பைப் போட்டால் சத்தமில்லாமல் ஏறிவிடும். இன்னொன்று, 2025-ல் வந்த ஃபயர் டிவி ஸ்டிக் 4கே செலக்ட் ஆண்ட்ராய்டே இல்லை, வேகா ஓஎஸ் என்ற வேறு இயங்குதளம். அதில் ஏபிகே ஏறாது. தலைகீழாக நின்றாலும் ஏறாது. கேமுக்காகவே வாங்குவதாக இருந்தால் பெட்டியைத் திறக்கும் முன் இதைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆப் திறந்ததும் ஆன்லைன் அப்டேட்டருக்குப் போய் கோர் இன்ஃபோ, அசெட்ஸ், கன்ட்ரோலர் புரொஃபைல் மூன்றையும் முதலில் புதுப்பித்துவிட வேண்டும். பிறகு கோர் டவுன்லோடர். ஒவ்வொரு பழைய இயந்திரத்துக்கும் ஒரு கோர், அதாவது அந்த இயந்திரம் போல நடிக்கும் பகுதி: நிண்டெண்டோ என்இஎஸ்ஸுக்கு எஃப்சிஇயூஎம்எம், சூப்பர் நிண்டெண்டோவுக்கு ஸ்னெஸ்9எக்ஸ், சேகாவின் 16 பிட்டுக்கு ஜெனசிஸ் பிளஸ் ஜிஎக்ஸ், கேம்பாய் அட்வான்ஸுக்கு எம்ஜிபிஏ, பிளேஸ்டேஷன் 1-க்கு பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு. இதோடு நிறுத்திக்கொண்டால் ஸ்டிக்கும் சந்தோஷமாக இருக்கும், நீங்களும் சந்தோஷமாக இருப்பீர்கள். நிண்டெண்டோ 64 அரைகுறையாக ஓடும், சில கேம் நன்றாக, பல கேம் தடுமாறி. பிளேஸ்டேஷன் 2 பற்றி இந்த ஸ்டிக்கிடம் பேச்செடுக்காமல் இருப்பதே மரியாதை.

ரோம்களை, அதாவது கேம் கோப்புகளை, உங்கள் சொந்த கேட்ரிட்ஜ், டிஸ்க்குகளிலிருந்து எடுத்துக்கொள்ளுங்கள், அல்லது ஆர்வலர்கள் பழைய இயந்திரங்களுக்காக இன்றும் எழுதி இலவசமாகத் தரும் கேம்களைப் போடுங்கள். ஃபோல்டரைக் காட்டி 'ஸ்கேன்' கொடுத்தால் ரெட்ரோஆர்ச் ஒவ்வொரு கோப்பையும் தன் பட்டியலோடு ஒப்பிட்டுப் பார்க்கும். திருத்திய, மொழிமாற்றிய கேம்கள் அந்தப் பட்டியலில் இருக்காது என்பதால் கண்ணெதிரே கிடந்தாலும் காணவில்லை என்றே சொல்லும். 'மேனுவல் ஸ்கேன்' கொடுத்தால் கேள்வி கேட்காமல் எல்லாவற்றையும் சேர்த்துக்கொள்ளும்.

இனி முக்கியமான கட்டத்துக்கு வருவோம். கேம் திறக்கிறது. மாரியோ நிற்கிறார். சின்னவன் பட்டன்களை மாறிமாறி அழுத்துகிறான். கொஞ்ச நேரத்தில் மாரியோ ஓடுகிறார், குதிக்கிறார். "மாமா, நான் ஓட்டுறேன் பாரு!" என்று கத்துகிறான். வீடே கைதட்டுகிறது. ஓடுவது டெமோ. யாரும் ஸ்டார்ட் அழுத்தாவிட்டால் கேம் தானாக ஆடிக் காட்டும் காட்சி அது. அவன் ஸ்டார்ட்டை அழுத்திக் கேமைத் தொடங்கினாலும் மாரியோ நின்ற இடத்திலேயே நிற்பார், ஏனென்றால் அவன் கன்ட்ரோலர் இரண்டாவது ஆட்டக்காரர். முதல் ஆட்டக்காரர் யார்? டிவி ரிமோட்.

ஆண்ட்ராய்டுக்கு ரிமோட்டும் ஒரு இன்புட் சாதனம்தான். முதலில் இணைந்தது அதுவென்றால் போர்ட் 1 அதற்கே போய்விடும், பின்னால் வந்த கன்ட்ரோலருக்கு போர்ட் 2. ஆட்டம் தொடங்கியதும் மாரியோ போர்ட் 1 சொல்வதை மட்டும்தான் கேட்பார். செட்டிங்ஸில் இன்புட், அதில் போர்ட் 1 கன்ட்ரோல்ஸ், அதில் டிவைஸ் இண்டெக்ஸ். அங்கே உங்கள் கன்ட்ரோலரின் பெயர் வரும்வரை தள்ளுங்கள். அடுத்த நாள் இரண்டாவது கன்ட்ரோலரை இணைக்கும்போது வரிசை மறுபடி மாறக்கூடும். யார் முதல் ஆட்டக்காரர் என்ற சண்டை கேம் தொடங்கும் முன்பே ஒருமுறை நடந்து முடியும்.

பட்டன்களில் இன்னொரு கூத்தும் உண்டு. ரெட்ரோஆர்ச் தன் மனதில் வைத்திருப்பது சூப்பர் நிண்டெண்டோவின் அமைப்பு: ஏ வலப்பக்கம், பி கீழே. எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலரில் ஏ கீழே, பி வலப்பக்கம். அதனால் மெனுவில் ஏ அழுத்தினால் பின்னால் போகும், பி அழுத்தினால் உள்ளே போகும். இன்புட்டில் மெனு கன்ட்ரோல்ஸ் பகுதியில் ஓகே, கேன்சலை இடம் மாற்ற ஒரு ஸ்விட்ச் இருக்கிறது. அங்கே போய்ச் சேர்வதற்குள் நாலு முறை வெளியே வந்திருப்போம். கையோடு ஹாட்கீஸ் பகுதியில் 'மெனு டாகிள்' கன்ட்ரோலர் காம்போவை ஸ்டார்ட், செலக்ட் சேர்ந்து என்று வைத்துவிடுங்கள். இது இல்லாவிட்டால் கேமுக்குள் போனவருக்கு வெளியே வர வழி தெரியாது. வழி தெரியாதவர் கை எங்கே போகும்? ஹோம் பட்டனுக்கு.

ஹோம் பட்டன்தான் இந்தக் கதையின் வில்லன். ரெட்ரோஆர்ச் தன் அமைப்புகளை முறையாக வெளியேறும்போது கோப்பில் எழுதிவைக்கும். ஹோமை அழுத்துவது வெளியேறுவது ஆகாது, ஆப் பின்னணியில் கிடக்கும். 1.5 அல்லது 2 ஜிபி ராம் உள்ள ஸ்டிக், அடுத்து ஒரு வீடியோ ஆப்பைத் திறந்த கணமே பின்னணியில் கிடப்பதைக் கொன்றுவிடும். பாடுபட்டுச் செய்த போர்ட் மாற்றம், ஏ-பி மாற்றம், காம்போ எல்லாம் அத்தோடு போய்விடலாம். மறுநாள் திறந்தால் மறுபடி ரிமோட்தான் முதல் ஆட்டக்காரர். ஆகவே எதை மாற்றினாலும் பிரதான மெனுவில் கான்ஃபிகரேஷன் ஃபைலுக்குப் போய் 'சேவ் கரண்ட் கான்ஃபிகரேஷன்' கொடுத்துவிடுங்கள்.

கேமின் சொந்த சேவ் கோப்புக்கும் இதே கதிதான். அந்தக் காலத்துக் கேட்ரிட்ஜில் பேட்டரியால் உயிர்வாழ்ந்த அந்த நினைவகத்தை எமுலேட்டர் ஒரு கோப்பாக எழுதும், அதுவும் கேமை மூடும்போது. சேவிங் செட்டிங்ஸில் சேவ்ராம் தானாக எழுதும் இடைவெளியை 10 விநாடி என்று வைத்தால், யாராவது டிவியை அணைத்தாலும் இழப்பு பத்து விநாடியோடு போகும். சேவ் ஸ்டேட்டை (கேம் அந்தக் கணத்தில் இருக்கும் நிலையை அப்படியே எமுலேட்டர் எழுதிவைப்பது) மட்டுமே நம்ப வேண்டாம். ஒரு கோரில் எடுத்த ஸ்டேட் இன்னொரு கோரில் திறக்காது, சிலசமயம் அதே கோரின் புதிய பதிப்பிலும் திறக்காது.

அடுத்த புகார்: "நான் சரியாத்தான் குதிச்சேன்." இந்தப் புகாரில் பெரும்பாலும் உண்மை இருக்கும். டிவி படத்தை மெருகேற்ற எடுத்துக்கொள்ளும் நேரம் சினிமா மோடில் 100 மில்லி விநாடியைத் தொடலாம். விநாடிக்கு 60 ஃப்ரேம் என்றால் ஒரு ஃப்ரேமுக்கு 16.7 மில்லி விநாடி, ஆக ஆறு ஃப்ரேம் தாமதம். முழு வேகத்தில் ஓடும் மாரியோ ஒரு ஃப்ரேமுக்கு இரண்டரைப் பிக்சல் நகர்வார். ஆறு ஃப்ரேமில் 15 பிக்சல். ஒரு செங்கல்லின் அகலம் 16. அதாவது பள்ளத்தின் விளிம்பு என்று நீங்கள் பார்ப்பது கிட்டத்தட்ட ஒரு செங்கல் பழைய செய்தி. டிவியில் கேம் மோடைப் போடுங்கள், அதிலேயே பெரும்பகுதி தீர்ந்துவிடும். ஸ்டிக்கின் வெளியீட்டை 1080பி, 60 ஹெர்ட்ஸில் நிறுத்துங்கள். 50 ஹெர்ட்ஸில் விட்டால் படம் விக்கி விக்கி நகரும். பிறகு ரெட்ரோஆர்ச்சில் லேட்டன்சி பகுதியில் ரன்-அஹெட்டை (கேமை முன்கூட்டியே ஓட்டித் தாமதத்தைக் குறைக்கும் வசதி) 1 ஃப்ரேம் வைத்துப் பாருங்கள். 8, 16 பிட் கேம்களுக்கு ஸ்டிக் தாங்கும். பிளேஸ்டேஷனுக்கு வைத்தால் மூச்சுத் திணறும். ப்ளூடூத் இயர்போன் வேண்டவே வேண்டாம். மாரியோ குதித்து மேலே போன பிறகுதான் குதிக்கும் சத்தம் வரும்.

எவ்வளவு தாமதம் என்று வாதாடுவதைவிட 240பி டெஸ்ட் சூட் என்ற இலவச ரோமைப் போட்டுப் பார்ப்பது மேல். அதில் தாமதத்தை அளக்கும் பகுதியே இருக்கிறது. டிவி ஓரத்தில் படம் வெட்டுப்படுகிறதா என்பதும் அதிலேயே தெரியும். அகலத்தையும் கவனியுங்கள்: 4:3 படத்தை 16:9 திரை முழுக்க இழுத்தால் மாரியோ மூன்றில் ஒரு பங்கு கூடுதலாகப் பருத்துவிடுவார். "ஓரத்துல ரெண்டு பக்கமும் கறுப்பா இருக்கே, டிவி ரிப்பேரா?" என்று வீட்டில் ஒருவர் கட்டாயம் கேட்பார். அது அப்படித்தான் இருக்க வேண்டும். பழைய டிவிக் கோடுகள் வேண்டுமென்றால் இசட்ஃபாஸ்ட் சிஆர்டி ஷேடர் போதும். சிஆர்டி ராயல் அழகுதான், ஆனால் இந்தச் சிப்புக்கு அது இமயமலை.

பிளேஸ்டேஷன் 1 கேம்தான் பொறுமையைச் சோதிக்கும். பயாஸ் கோப்பு (அந்த இயந்திரத்தின் தொடக்க மென்பொருள்) சிஸ்டம் ஃபோல்டரில் இருக்க வேண்டும். அமெரிக்கப் பதிப்புக்குப் பெயர் எஸ்சிபிஎச்5501, அளவு சரியாக 512 கேபி, பெயர் முழுக்கச் சின்ன எழுத்தில். பயாஸ் இல்லாமலும் இந்தக் கோர் சமாளிக்கும், ஆனால் சில கேம் பாதியில் படுத்துவிடும். கேம் பொதுவாக பின், கியூ என்று இரட்டையராக வரும். கியூ என்பது சில வரி எழுத்துக்கோப்பு, பின் கோப்பின் பெயர் அதற்குள் எழுதியிருக்கும். பெயர் நீளமாக இருக்கிறதே என்று பின் கோப்பின் பெயரை மட்டும் சுருக்கினால் கியூ பழைய பெயரையே தேடும், திரை கறுப்பாக நிற்கும். கணினியில் சிஎச்டிமேன் என்ற கருவியைக் கொண்டு இரண்டையும் சேர்த்து ஒரே சிஎச்டி கோப்பாக்கிவிட்டால் இந்த வம்பே இல்லை, இடமும் மிச்சம். ஒரு டிஸ்க் 700 எம்பி வரை வரும். 8 ஜிபி ஸ்டிக்கில் ஆப்களுக்குப் போக மீதி பாதியளவுதான், அதனால் அந்த மிச்சம் பெரிய விஷயம்.

இடம் போதாமல் ஓடிஜி கேபிளில் பென்டிரைவ் சொருகினால் கரண்ட் பிரச்சினை தலைகாட்டும். டிவியின் யூஎஸ்பி 2.0 போர்ட் முறைப்படி தருவது 500 மில்லியாம்ப். ஸ்டிக், பென்டிரைவ், கன்ட்ரோலர் ரிசீவர் மூன்றும் அதில் குடித்தனம் நடத்த முடியாது. கேம் ஏறும் நேரத்தில் ஸ்டிக் ரீஸ்டார்ட் ஆனால் எமுலேட்டரைத் திட்டாதீர்கள். ஸ்டிக்கோடு வந்த அடாப்டரைச் சுவரில் மாட்டுங்கள். எச்டிஎம்ஐ நீட்டிப்புக் கேபிளும் பெட்டியில் வீணாகத் தரப்படவில்லை. டிவியின் முதுகில் ஒட்டிக் கிடக்கும் ஸ்டிக் சூடேறி வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், ப்ளூடூத் சிக்னலும் டிவியால் மறைக்கப்பட்டு கன்ட்ரோலர் விட்டுவிட்டு வேலை செய்யும். வைஃபையை 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாற்றினால் 2.4-ல் ப்ளூடூத்துக்கு நெரிசல் குறையும்.

எல்லாம் ஓடிய பிறகு ராத்திரி பதினொரு மணிக்கு ஹாலில் டிவி தானாக எரிந்தால் பயப்பட வேண்டாம். படுக்கையறையில் யாரோ கன்ட்ரோலரின் நடுப்பட்டனை அழுத்தியிருப்பார்கள். அது ஸ்டிக்கை எழுப்பும், ஸ்டிக் எச்டிஎம்ஐ சிஇசி வழியாக டிவியை எழுப்பும். டிவி செட்டிங்ஸில் சிஇசியை நிறுத்தினால் தீரும், ஆனால் அப்புறம் ஸ்டிக் ரிமோட்டால் டிவியை ஆன் செய்வதும் சில மாடல்களில் நின்றுபோகும். அந்த ரிமோட்டை வைத்திருப்பவரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.