இருமினால் எவ்வளவு வலிக்கிறது என்று கேளுங்கள்

நிமோனியா வந்து, அதற்குப் பின் நுரையீரலைச் சுற்றிச் சீழ் கட்டி, நெஞ்சில் குழாய் போட்டுப் படுத்திருப்பவர் உங்கள் வீட்டில் இருந்தால் உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். என் அப்பாவுக்கு எண்பதை நெருங்கும் வயது. நெடுநாள் சர்க்கரை நோயாளி. துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்று, சிங்கப்பூரில் ஈசூன் வட்டாரத்தில் அம்மாவோடு இருக்கிறார்.

முதலில் காய்ச்சலும் இருமலும்தான். பலதுறை மருந்தகத்தில் மருந்து வாங்கிச் சாப்பிட்டார். அப்புறம் வலப்பக்க விலாவில் குத்தல், பேசினாலே மூச்சு வாங்கியது. ஆம்புலன்ஸுக்கு 995ஐ அழைத்தோம். எக்ஸ்-ரேயில் வலது நுரையீரலின் கீழ்ப்பாதி வெள்ளையாக மூடிக் கிடந்தது.

நுரையீரலுக்கு மேலே ஓர் உறை, நெஞ்சுக்கூட்டின் உட்பக்கம் ஓர் உறை. இரண்டுக்கும் நடுவே வழக்கமாக இருப்பது சில தேக்கரண்டி நீர்தான். நிமோனியாவில் அங்கே நீர் சேரும். கிருமியும் புகுந்தால் அது சீழாகிவிடும். ஊசியால் கொஞ்சம் எடுத்துப் பார்த்ததில் அதன் அமிலத்தன்மையைக் காட்டும் பிஎச் அளவு 7.2க்குக் கீழே இருந்தது. இந்த நிலையில் ஆன்டிபயாட்டிக் மட்டும் போதாது, வடித்தே ஆக வேண்டும் என்றார் டாக்டர்.

குழாய் போடுவதை நாங்கள் பயந்த அளவுக்கு அப்பா பயப்படவில்லை. அல்ட்ராசவுண்டில் இடம் பார்த்து, மரத்துப்போக ஊசி போட்டு, அக்குளுக்குக் கீழே விலா எலும்பின் மேல் விளிம்பை ஒட்டிச் செலுத்தினார்கள். கீழ் விளிம்பில் இரத்தக் குழாயும் நரம்பும் ஓடுவதால் அந்தப் பக்கம் போவதில்லை. 12 பிரெஞ்ச் அளவுக் குழாய், அதாவது 4 மில்லிமீட்டர் தடிமன். இவ்வளவு மெல்லியதா என்று அம்மா ஆச்சரியப்பட்டார்.

குழாயின் மறுமுனை போய்ச் சேரும் பாட்டிலைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பக்கத்தில் இருப்பவர் கவனிக்க வேண்டியது அங்கேதான் இருக்கிறது. பாட்டிலில் தண்ணீர் இருக்கும். குழாயின் நுனி அதற்குள் 2 சென்டிமீட்டர் அளவு முங்கியிருக்கும். உள்ளிருந்து காற்றும் சீழும் வெளியே வரலாம், வெளிக்காற்று உள்ளே போக முடியாது. ஹாம்பர்க் மருத்துவர் கோட்ஹார்ட் பூலாவ் 1875இலேயே இந்த முறையைக் கையாண்டிருக்கிறார் என்று பிறகு படித்தேன். மூச்சு இழுத்தால் குழாயில் நீர்மட்டம் ஏறும், விட்டால் இறங்கும். அந்த ஆட்டம் நின்றுபோனால் குழாய் எங்கோ மடங்கியிருக்கலாம், அடைத்திருக்கலாம், அல்லது நுரையீரல் முழுதாக விரிந்திருக்கலாம். எது என்று முடிவு செய்வது தாதியின் வேலை. ஆடவில்லை என்று சொல்வது நம் வேலை. ஒருமுறை அப்பா குழாயின் மேலேயே திரும்பிப் படுத்துவிட்டார். அம்மாதான் முதலில் பார்த்துச் சொன்னார்.

பாட்டில் எப்போதும் நெஞ்சுக்குக் கீழேயே இருக்க வேண்டும். தூக்கினால் உள்ளே இருப்பது திரும்ப நெஞ்சுக்குள் போய்விடும். ஸ்கேனுக்குக் கூட்டிப்போக வந்த ஓர் ஊழியர் பாட்டிலை எடுத்து அப்பாவின் வயிற்றுப் பக்கம் மெத்தைமேல் வைத்தார். "அண்ணே, அது கீழே தொங்கணும்னு சொல்லியிருக்காங்க" என்றேன். உடனே கட்டிலின் ஓரக் கொக்கியில் மாட்டினார். இப்படிச் சொல்வதற்குத் தயங்கவே கூடாது. அதேபோல, பாட்டிலில் குமிழ் வந்துகொண்டிருக்கும்போது யாரும் குழாயைக் கிடுக்கி போட்டு மூடக்கூடாது. காற்று வெளியேற வழியில்லாமல் உள்ளே அழுத்தம் ஏறினால் உயிருக்கே ஆபத்து.

முதல் நாள் நன்றாக வடிந்தது. நடுவில் தாதி குழாயில் இருக்கும் அடைப்பானை மூடி நிறுத்தி வைத்தார். ஒரே மூச்சில் ஒன்றரை லிட்டருக்கு மேல் வடிய விடுவதில்லையாம். சுருங்கிக் கிடந்த நுரையீரல் சட்டென்று விரிந்தால் அதற்குள்ளேயே நீர் கோத்துக்கொள்ளும். வடியும்போது விடாத இருமலோ நெஞ்சு இறுக்கமோ வந்தால் உடனே சொல்லச் சொன்னார்கள்.

பிறகு வடிவது குறைந்துபோனது, காய்ச்சல் மட்டும் விடவில்லை. மறுபடி ஸ்கேன் பார்த்தால், சீழுக்குள் சிலந்தி வலை பின்னியதுபோல் தடுப்புகள். ஒவ்வோர் அறையிலும் தனித்தனியாகத் தேங்கியிருந்தது. அறுவை சிகிச்சைக்கு முன்னால் மருந்து விட்டுப் பார்க்கலாம் என்றார்கள். இரண்டு மருந்துகள்: ஒன்று அந்த நார்த் தடுப்புகளைக் கரைக்கும், மற்றொன்று சீழின் பிசுபிசுப்பைக் குறைக்கும். 2011இல் வெளியான பிரிட்டிஷ் ஆய்வில் இரண்டையும் சேர்த்துக் கொடுத்தபோதுதான் பலன் தெரிந்தது, தனித்தனியே கொடுத்தபோது இல்லை. குழாய் வழியாகவே நாளுக்கு இரண்டு வேளை, மூன்று நாட்கள். மருந்து விட்டதும் ஒரு மணி நேரம் மூடி வைத்துத் திறப்பார்கள். திறந்ததும் பாட்டிலில் சிவப்பாக இறங்கியதைப் பார்த்து அம்மா அழுதுவிட்டார். ஓரளவு இரத்தம் கலந்து வருவது இதில் எதிர்பார்ப்பதுதான் என்பதை முன்கூட்டியே சொல்லியிருந்தால் அந்த அழுகை இருந்திருக்காது. நீங்கள் முன்பே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த நாட்களில் எங்களுக்கு மிகக் கஷ்டமாக இருந்தது வலிதான். அப்பா வலியைச் சொல்லிப் பழகாதவர். ஒரு மலாய்த் தாதி அவரிடம் மலாயிலேயே பேசுவார், அப்பாவுக்கு அதில் ரொம்ப சந்தோஷம். "சாகிட், பாக்சிக்?" (வலிக்குதா, ஐயா?) என்று கேட்டால் "சிகிட், சிகிட்" (கொஞ்சம், கொஞ்சம்) என்று சிரிப்பார். 0லிருந்து 10க்குள் எவ்வளவு என்றால் 2 என்பார். அந்த 2 ஏட்டில் ஏறும், மருந்தும் அதற்கு ஏற்றபடிதான் வரும். ஆனால் அவர் மேலோட்டமாகத்தான் மூச்சு விட்டார். இருமல் வந்தால் அடக்கினார். பிசியோதெரபிஸ்ட் கொடுத்த, பந்து ஏறும் மூச்சுப் பயிற்சிக் கருவியைத் தொடவே இல்லை.

"அப்பா, சும்மா படுத்திருக்கும்போது வேண்டாம். இருமினா எவ்வளவு வலிக்குது?" என்று கேட்டேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. "எட்டு இருக்கும்மா" என்றார்.

அதை அப்படியே டாக்டரிடம் சொன்னேன். அம்மாவுக்கு வேறு பயம், வலி மாத்திரை கிட்னியைக் கெடுத்துவிடும் என்று. அந்தப் பயத்தில் பாதி நியாயம்தான். சர்க்கரை நோயாளிக்குச் சிலவகை வலி மாத்திரைகள் சிறுநீரகத்துக்கு ஆகாது, அதனால் அவற்றைத் தவிர்த்திருக்கிறோம் என்று டாக்டரே உட்கார்ந்து விளக்கினார். வேளை தவறாமல் பாராசிட்டமால், பயிற்சிக்கு முன்னால் சிறிய அளவில் அதைவிட வலுவான ஒன்று, கூடவே மலச்சிக்கலுக்கு மருந்து. மறுநாள் அப்பா பாட்டிலைக் கையில் தொங்கவிட்டுக்கொண்டு, கைலியோடு வார்டின் கடைசி வரை நடந்தார். நன்றாக இருமினார். ஆழமாக மூச்சு இழுத்து இருமினால்தான் நுரையீரல் விரியும், சீழும் நகரும். வலி குறையாமல் இதில் எதுவும் நடக்காது என்பதை நான் கண்ணால் பார்த்தேன். தாங்கிக்கொள்வதைப் பெருமையாக நினைக்கும் அப்பாமார்களை வைத்திருப்பவர்கள் இதை மட்டுமாவது மறக்காமல் கேளுங்கள்.

காய்ச்சல் விட்டு, வடிவதும் வெகுவாகக் குறைந்து, எக்ஸ்-ரேயும் தெளிந்த பிறகு குழாயை எடுத்தார்கள். மூச்சைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி ஒரே இழுப்பு, உடனே கட்டு. பில்லில் மெடிஷீல்டு லைஃப் காப்புறுதி, மெடிசேவ் மருத்துவச் சேமிப்பு போக மீதியை நாங்கள் கட்டினோம். வீட்டுக்கு வந்தும் வாரக்கணக்கில் ஆன்டிபயாட்டிக் தொடர்ந்தது. திரும்பக் காய்ச்சலோ மூச்சுத் திணறலோ வந்தாலும், குழாய் இருந்த இடம் சிவந்து கசிந்தாலும் காத்திருக்காமல் வரச் சொன்னார்கள்.

மறுபரிசோதனையில் டாக்டர் கேட்டது பல்லைப் பற்றி. வாயில் இருக்கும் கிருமிகளே நுரையீரலுக்கு இறங்கி இந்த மாதிரிச் சீழுக்குக் காரணமாகலாமாம். அப்பாவுக்குக் கீழ்வரிசையில் ஆடும் பற்கள் இரண்டு நெடுநாளாகவே உண்டு. மூத்த குடிமக்களுக்கு அரசாங்கம் தந்த முன்னோடித் தலைமுறை அட்டைக்குப் பல் மருந்தகத்தில் சலுகை இருக்கிறது, அடுத்த வாரத்துக்கு நேரம் வாங்கியிருக்கிறோம். நிமோனியாவுக்கு எதிரான நிமோகோக்கல் தடுப்பூசியையும் அதே மாதத்தில் போட்டுவிடுவதாக ஏற்பாடு.