1833-ஐ ஒரே தாளில் எழுதிப் பாருங்கள்

முதுகலை வரலாறு படித்தபோது இங்கிலாந்து வரலாறு, அரசியல் சிந்தனை, நவீன இந்தியா மூன்றும் எனக்குத் தனித்தனிப் பாடங்கள். நோட்டும் மூன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலச் சிந்தனையாளர் ஜான் ஸ்டூவர்ட் மில் இரண்டாவது நோட்டில் இருந்தார்: தனிமனித சுதந்திரம், பெண்ணுரிமை, பிரதிநிதித்துவ ஆட்சி என்று பத்துப் பக்கம். உள்மதிப்பீட்டுத் தேர்வில் 'மில்லின் தாராளவாதத்துக்கு எல்லைகள் உண்டா?' என்று இருபது மார்க் கேள்வி வந்தது. தாராளவாதம் என்றால் தனிமனித சுதந்திரத்தை முதன்மையாக வைக்கும் அரசியல் கொள்கை. ஆறு பக்கம் எழுதினேன். கிடைத்தது எட்டு. விடைத்தாளின் ஓரத்தில் ஆசிரியர் பென்சிலால், 'அவர் எங்கே வேலை பார்த்தார்?' என்று மட்டும் எழுதியிருந்தார்.

அதைத் தேடிப் போன பிறகுதான் இந்தப் பாடம் எனக்குப் பிடிபட்டது. 1823-ல், பதினேழு வயதில், லண்டன் லெடன்ஹால் தெருவில் இருந்த கிழக்கிந்தியக் கம்பெனியின் தலைமை அலுவலகத்தில் மில் சேர்ந்தார். 35 ஆண்டுகள் அங்கேயே இருந்தார். இந்திய சமஸ்தானங்கள் தொடர்பான கடிதங்களை வரைவதுதான் நீண்ட காலம் அவருடைய வேலை. அவருடைய 'சுதந்திரம் பற்றி' நூலின் முதல் அத்தியாயத்திலேயே, தனிமனித சுதந்திரக் கொள்கை முதிர்ந்த சமூகங்களுக்குத்தான் பொருந்தும், பின்தங்கியவர்களை முன்னேற்றுவதற்காக என்றால் எதேச்சாதிகாரமும் முறையானதே என்ற கருத்து இருக்கிறது. கேள்வி கேட்ட எல்லை அதுதான். நூலைப் புரட்டாமல் நோட்ஸை மட்டும் படித்ததால் என் கண்ணில் அது படவில்லை.

அதன்பின் மூன்று நோட்டையும் ஓரமாக வைத்துவிட்டு, ஓர் ஆண்டுக்கு ஒரு முழுத் தாள் என்று எழுத ஆரம்பித்தேன். முதலில் எடுத்தது 1833. முந்தைய ஆண்டின் சீர்திருத்தச் சட்டம் வாக்குரிமையை விரித்திருந்தது. அதன்படி தேர்வான நாடாளுமன்றம் அடிமை ஒழிப்புச் சட்டத்தையும் இந்தியாவில் கம்பெனியின் ஆட்சி உரிமையைப் புதுப்பித்த பட்டயச் சட்டத்தையும் நிறைவேற்றியது. இரண்டுக்கும் அரச ஒப்புதல் கிடைத்தது ஒரே நாளில், ஆகஸ்ட் 28. முதல் சட்டம் அடிமைகளின் உடைமையாளர்களுக்கு 2 கோடி பவுண்டு இழப்பீடு ஒதுக்கியது. அடிமைகளுக்கு ஒரு காசும் இல்லை. கம்பெனியின் ஆட்சிப் பகுதிகளுக்கும் இலங்கைக்கும் அந்தச் சட்டம் பொருந்தாது என்று விலக்கும் வைத்தது. இரண்டாவது சட்டம் மதம், பிறப்பிடம், வம்சம், நிறம் காரணமாக யாருக்கும் கம்பெனிப் பதவி மறுக்கப்படாது என்றது. அதே சட்டம் சென்னை மாகாண அரசின் சட்டமியற்றும் அதிகாரத்தைப் பறித்துக் கவர்னர் ஜெனரலிடம் குவித்தது. முன்பு இவற்றை இரண்டு நோட்டில் படித்தபோது ஒன்று மனிதாபிமானம், மற்றொன்று நிர்வாகம் என்றே தோன்றியது. ஒரே தாளில் பார்த்த அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

மூல நூல்களில் எதை முதலில் தொடுவது என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது, பிரிட்டிஷ் நாடாளுமன்ற உறுப்பினர் எட்மண்ட் பர்க் 1785 பிப்ரவரியில் ஆற்காட்டு நவாபின் கடன்கள் பற்றிப் பேசிய நாடாளுமன்ற உரை. ஆங்கிலம் கடினம்தான். தினம் இரண்டு பக்கம் போதும். செங்கல்பட்டுப் பக்கத்து ஜாகீரின் (நவாப் கம்பெனிக்குக் கொடுத்த நிலப்பகுதி) வரைபடத்தை வைத்துக்கொண்டு, 1,100-க்கும் மேற்பட்ட ஏரிகளைத் தானே எண்ணியதாக அதில் சொல்கிறார். நம் ஊர் ஏரிகளை வெஸ்ட்மின்ஸ்டரில் ஒருவர் எண்ணிச் சொன்ன அந்தப் பத்தியை நான் தமிழில் எழுதிவைத்திருக்கிறேன். பர்க் இந்தியாவுக்கு வந்தவரில்லை. மில்லின் தந்தை ஜேம்ஸ் மில்லும் வரவில்லை. 1817-ல் இந்திய வரலாறு எழுதியவர், நேரில் பார்க்காததே நல்லது என்று முன்னுரையில் வாதாடினார். இந்த இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாலே ஒரு நல்ல விடை உருவாகிவிடும்.

ஒரு எச்சரிக்கை. 'மில் ஒரு வேஷதாரி' என்று முடிக்காதீர்கள். 1865-ல் பிரிட்டிஷ் காலனியான ஜமைக்காவின் மொராண்ட் பே கிளர்ச்சியை ஆளுநர் ஐர் அடக்கியபோது, அரசு விசாரணைக் கணக்குப்படி 439 பேர் கொல்லப்பட்டனர். ஐர் மீது வழக்குத் தொடர வேண்டும் என்று போராடிய ஜமைக்கா குழுவுக்குத் தலைமை வகித்தவர் மில். எழுத்தாளர்கள் கார்லைலும் டிக்கன்ஸும் ஐர் பக்கம் நின்றார்கள். இதையும் சேர்த்து எழுதினால்தான் விடை நேர்மையாக இருக்கும்.

தமிழ் வழியில் எழுதுபவர்கள் 'தாராளவாதம்' என்ற சொல்லை முதல் பத்தியிலேயே விளக்கிவிடுங்கள். 1991-க்குப் பிந்தைய பொருளாதாரத் தாராளமயத்தோடு குழப்பிக்கொள்ள இடம் உண்டு.

1833 முடிந்ததும் 1858-ஐயும் 1859-ஐயும் ஒரே தாளில் எழுதுங்கள். கம்பெனியை ஒழிக்க வேண்டாம் என்று நாடாளுமன்றத்துக்குப் போன மனுவை வரைந்தது மில். கம்பெனியின் ஆட்சி முடிந்தது, அவரும் ஓய்வு பெற்றார். மறு ஆண்டு 'சுதந்திரம் பற்றி' வெளிவந்தது.