ஸ்கோல்ஸ் அடித்த அந்த கோல்

மதியம் சாப்பிடும்போது பழைய காணொளி ஒன்று கண்ணில் பட்டது. 2008 ஏப்ரல், ஓல்டு டிராஃபோர்டு. மான்செஸ்டர் யுனைடெட்டுக்கும் பார்சிலோனாவுக்கும் இடையிலான சாம்பியன்ஸ் லீக் கால்பந்து அரையிறுதி.

பார்சிலோனாவின் ஜாம்ப்ரோட்டா சரியாக விலக்காத பந்து யுனைடெட்டின் பால் ஸ்கோல்ஸிடம் வருகிறது. ஒரு தொடுதல், ஒரு அடி. வலையின் மேல் மூலை.

அடிப்பதற்கு முன் அவரிடம் துளி அவசரம் இல்லை. அதைத்தான் திரும்பத் திரும்பப் பார்த்தேன்.

அரையிறுதியின் இரண்டு ஆட்டங்களிலும் சேர்த்து விழுந்த ஒரே கோல் அது. 1999 இறுதிப் போட்டியை மஞ்சள் அட்டைகளால் இழந்தவர் அவர். இந்த முறை மாஸ்கோவில் நடக்கும் இறுதிப் போட்டியில் ஸ்கோல்ஸ் நிச்சயம் ஆடுவார் என்று யுனைடெட்டின் மேலாளர் ஃபெர்குசன் முன்கூட்டியே சொல்லிவிட்டார்.

இங்கிலாந்து அணியோ நடுக்களத்தில் ஜெரார்டுக்கும் லாம்பார்டுக்கும் இடம் கொடுக்க, இவரை இடது ஓரத்துக்குத் தள்ளியது. 66 ஆட்டங்களோடு, 2004இல், 29 வயதில் அவர் அந்த அணியிலிருந்து விலகிக்கொண்டார். எனக்கு இன்னும் ஆறவில்லை. ஒரு ஆட்டத்தின் வேகத்தையே தீர்மானிக்கத் தெரிந்தவனை ஓரத்தில் நிறுத்தினால் இழப்பு அணிக்குத்தானே?

ஆஸ்துமாவோடு ஆடியவர். மான்செஸ்டர் யுனைடெட் தவிர வேறு கிளப் இல்லை. 718 ஆட்டங்கள், 155 கோல்கள். 2011இல் ஓய்வு பெற்றவர், 2012 ஜனவரியில் மறுபடி களத்துக்குத் திரும்பினார். அப்போது அவருக்கு வயது 37.