விசாரணையைப் படமெடுக்க அனுமதி பெற்ற அனுபவம்

ஒரு கொலை வழக்கின் விசாரணையைத் தொடக்கம் முதல் தீர்ப்பு வரை ஆவணப்படமாக எடுக்க நீதிமன்றத்தில் மனு கொடுத்தேன். படத்தின் முக்கியத்துவத்துக்கு இரண்டு வரிகளே ஒதுக்கினேன். கேமரா எங்கே நிற்கும், யார் இயக்குவார், எப்போது அணைக்கப்படும் என்பதையே மற்றப் பக்கங்களில் விளக்கினேன். விசாரணை கெட்டுவிடக் கூடாதே என்பதுதான் எந்த நீதிபதிக்கும் முதல் கவலை.

1961இல் ஜெருசலேமில் நாஜி அதிகாரி ஐக்மன் மீதான விசாரணையைச் சுவர்களுக்குப் பின்னால் மறைத்து வைத்த கேமராக்களால் பதிவு செய்தார்கள். அதை முன்னுதாரணமாகக் காட்டினேன். எதிர்ப்புத் தெரிவித்த வழக்கறிஞர், 1965இல் எஸ்டெஸ் வழக்கில் கேமராக்களின் தொந்தரவால் நியாயமான விசாரணை கிடைக்கவில்லை என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்ததைச் சுட்டினார். வலுவான வாதம்தான். ஆனால் கேமரா இருப்பதாலேயே விசாரணை கெட்டுவிடாது என்று அதே நீதிமன்றம் 1981இல் சாண்ட்லர் வழக்கில் சொல்லியிருக்கிறது. இரண்டையும் படித்த நீதிபதி நிபந்தனைகளோடு அனுமதித்தார்.

கேமரா ஒரே இடத்தில் நிற்க வேண்டும். கூடுதல் விளக்கு கூடாது. ஜூரிகளின், அதாவது குற்றவாளியா இல்லையா என்று முடிவு செய்யும் பொதுமக்களின், முகம் தெரியக் கூடாது. இவையெல்லாம் எளிது. ஒலிதான் கடினம். வழக்கறிஞர் தன் கட்சிக்காரரிடம் காதோடு பேசுவதையும் மேசை மைக் பிடித்துவிடும். அந்தப் பேச்சு அவர்கள் இருவருக்கு மட்டுமே உரியது. அதனால் ஒலிப்பதிவாளரின் கை எப்போதும் அந்த மைக்கின் விசையிலேயே இருந்தது. நல்ல ஒலிப்பதிவாளர் கிடைக்காவிட்டால் இந்த வேலையில் இறங்கவே வேண்டாம் என்பேன்.

நீதிமன்றம் அனுமதித்தாலும் சாட்சிகளின் சம்மதம் இல்லாமல் எடுப்பதில்லை என்று முடிவு செய்திருந்தேன். சாட்சியம் அளிப்பதற்கு முன் நானே போய்ப் பேசினால் சாட்சியைக் கலைத்ததாகக் குற்றச்சாட்டு வரலாம். ஆகவே நீதிமன்ற அலுவலகம் வழியாகக் கடிதம் அனுப்பினேன். ஒரு பெண் மறுத்துவிட்டார். அவரது குறுக்கு விசாரணை முழுவதும், கேள்வி கேட்ட வழக்கறிஞர் மீதே கேமரா இருந்தது. அந்தப் பெண்ணின் பதில்களைப் பதிவு செய்யவில்லை. பிறகு நீதிமன்றப் பதிவேட்டில் இருந்த பதில்களை எழுத்தாகத் திரையில் காட்டினேன். அவர் இறந்தவரின் தாய். அவர் முகத்தைப் படமெடுத்துக் காட்டி அவரை வருத்த எனக்கு எந்த உரிமையும் இல்லை.

இடையில் ஒத்திவைப்புகள் வந்தன. அவற்றைப் பொறுத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

படத்தொகுப்பில் ஒரு விதியை வைத்துக்கொண்டோம்: ஒரு கேள்விக்குச் சொன்ன பதிலை வேறு கேள்வியோடு ஒட்டக் கூடாது. பதிலுக்கு முன் சாட்சி எடுத்துக்கொண்ட மௌனத்தையும் குறைக்கக் கூடாது. தயங்கியவரைத் தயங்காதவராகக் காட்டினால் அதுவும் பொய்ச் சாட்சியம்தான்.

தீர்ப்பு வந்ததும் படத்தை வெளியிடத் தயாரிப்பாளர் அவசரப்பட்டார். மேல்முறையீடு முடியட்டும் என்று பிடிவாதமாக நின்றேன். மறுவிசாரணைக்கு உத்தரவு வந்தால் அதே சாட்சிகள் மீண்டும் கூண்டேற வேண்டும். ஒருவர் சொன்னதை இன்னொருவர் என் படத்தில் பார்த்துவிட்டு வரும் நிலை உருவாகியிருக்கும்.