பட்டன்ல கை வைக்கவே ரெண்டு வருஷம் ஆச்சு

டோக்கியோல டிவிக்கு சவுண்ட் எஃபெக்ட்ஸ் போடற வேலை. அங்க அந்த ஆளை 'ஒன்கோ'ம்பாங்க, ஒன்க்யோ கோகாங்கறதோட சுருக்கம். கோர்ஸ் படிக்கறப்ப 1963ல டிவில வந்த ஆஸ்ட்ரோ பாய் கார்ட்டூன்ல அந்த ரோபோ பையன் நடக்கற சத்தத்தப் போட்டுக் காட்டினாங்க, ஓனோ மாட்சுவோன்னு ஒருத்தர் மரிம்பா சத்தத்த டேப்புல புடிச்சு மாத்தி மாத்திப் பண்ணது, அதக் கேட்டுட்டு நாமளும் இப்படி எதையாவது உருவாக்கப் போறோம்னு நெனச்சுட்டு வேலைக்குச் சேந்தேன்.

சேந்தா மொத வருஷம் பூரா லிஸ்ட் எழுதறதுதான். சேனல்காரங்களுக்கும் பாட்டு காப்புரிமையப் பாத்துக்கற ஜாஸ்ராக்குங்கற அமைப்புக்கும் மொத்தமா ஒப்பந்தம் இருக்கறதால எந்த ஹிட் பாட்டையும் ஷோவுல போடலாம், ஆனா எந்தப் பாட்டு எத்தனை செகண்ட்னு யாராவது குறிச்சு வைக்கணும்ல, அந்த யாராவது நான்தான். ராத்திரி பதினோரு மணிக்கு உள்ள போனாலும் 'ஒஹாயோ', குட்மார்னிங் தான் சொல்லணும், அது வேற.

பனில நடக்கற சத்தம் பண்ணின நாள் நல்லா ஞாபகம் இருக்கு. கட்டகுரிகோன்னு உருளைக்கிழங்கு மாவு, சமையலுக்கு வாங்கறதுதான், துணிப்பைல கட்டி மைக் பக்கத்துல அமுக்கினா நறுக் நறுக்குனு அசல் பனி. ஏசிய நிறுத்திட்டு வேர்க்க வேர்க்க உக்காந்து பனியில நடந்தேன், நாலாவது டேக்ல என் சட்டை உரசற சத்தமும் விழுந்துடுச்சுன்னு திரும்ப மொதல்லேந்து.

ஆனா நெஜமான பயம் 'பொன்தாஷி'ல. ஸ்டுடியோவுல ஷோ ஓடறப்பவே கண்ட்ரோல் ரூம்ல உக்காந்து அந்த நொடில சத்தத்த அடிக்கறது. விடை சரின்னா 'பின்போன்', தப்புன்னா 'பூ', ஜோக் எடுபடலன்னா 'சின்'. பட்டன் மேல வெள்ள டேப் ஒட்டிக் கைல எழுதியிருக்கும். அரை செகண்ட் லேட்டானா ஜோக் செத்துச்சு. சீனியர் ரெண்டு வருஷமா என்ன அதத் தொடவே விடல. மானிட்டர் முழுக்க பாக்காத, பேசறவன் தோளப் பாரு, மூச்சு இழுத்தா முடிக்கப் போறான்னு மட்டும் சொல்லுவாரு.

ஒரு நாள் ரிகர்சல்ல திடீர்னு நகந்து உக்காந்து, நீ அடின்னாரு. மொத கேள்வி, ஆள் சரியா பதில் சொன்னாரு, நான் தோளையே பாத்துட்டு இருந்தேன், மூச்ச விட்டதும் அடிச்சேன் பாருங்க டைமிங் அவ்ளோ கரெக்ட்டு, சத்தம்தான் 'பூ'. ஸ்டுடியோவே சிரிச்சுது. சீனியர் ஒண்ணும் சொல்லல.

மறுநாள் பாத்தா 'பூ' பட்டன் மேல மட்டும் செவப்பு டேப்.